ஆவன செய்யுமா

கேப்டன் கரியராமனின் தோளில்
மூன்று நட்சத்திரங்கள் இருந்தனவாம்.
நான் பார்த்ததில்லை.
அம்மாப்பேட்டை டைப்ரைட்டிங் பள்ளியிலிருந்து
நான் வேலைக்குச் சேர்ந்தபோது
அந்தச் சட்டை அஸ்தம்பட்டி வீட்டு பீரோவில்
பாச்சா உருண்டைகளோடு மடிந்து கிடந்தது.

எனக்குத் தெரிந்த நட்சத்திரம் வேறு.
சட்டமன்ற வினாத்தாளில் எண்ணுக்குப் பக்கத்தில் இருப்பது.
எங்கள் தமிழ் மிஷினில் அந்தக் குறி கிடையாது,
பேனாவால் போடுவேன்.
நட்சத்திரம் இருந்தால் அமைச்சர் எழுந்து வாயால் சொல்லவேண்டும்.
இல்லாவிட்டால் தாளில் பதில் வரும், அவ்வளவுதான்.

முதல் வினா:
"ஏற்காடு மலையில் மாரைப்பாடிக்கு
நாலு கிலோமீட்டர் சாலை அமைக்க அரசு ஆவன செய்யுமா?"
தட்டி முடித்து நீட்டினேன்.
வெகுநேரம் பார்த்தார்.
"கேள்விக்குறி போட்டு ஆர்டர் கொடுத்துப் பழக்கமில்லம்மா" என்றார்.

கோபம் வந்தால் மட்டும் அந்தப் பாலத்தைச் சொல்வார்.
கிழக்கே ஏதோ ஒரு ஆறு, பேர் சொன்னதில்லை.
இருட்டில் ஆரம்பித்து பதினோரு மணி நேரம்.
விடிந்தபின் அதன்மேல் லாரி போனதாம்.
இரண்டு பையன்களை ஆறு கொண்டுபோனது என்பதை
ஒரே ஒருமுறை சொன்னார், அப்போது கோபமாக இல்லை.

அமைச்சர் எழுந்து சொன்னார்:
வன அனுமதி மத்திய அரசின் வசம் உள்ளது.
அதனால்தான் டெல்லிக்கு நின்றார் என்பார்கள்.
கட்சிக்கு அந்த வருஷம் ஆள் கிடைக்கவில்லை என்பதும் உண்மை.

டெல்லியிலிருந்து கடிதத்தாள் கட்டு வந்தது.
தலையில் சிங்கங்கள்.
கட்டைப் பிரித்ததும் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார்.
இன்னும் கொஞ்சநாள் பட்டாளத்தில் இருந்திருந்தால் மேஜராம்.
மேஜருக்கு நட்சத்திரம் கிடையாது, சிங்கம்தானாம்.
தோளுக்கு வராதது தாளுக்கு வந்திருக்கிறது.

எழுதினோம். ஏழாம் மாதம் பதில்:
சாலை என்பது மாநிலப் பொருள்.
பழைய பதிலையும் புதிய பதிலையும்
ஒரே குண்டூசியில் குத்தச் சொன்னார்.
சிரித்தார் என்றுதான் நினைக்கிறேன்.
மீசை மட்டும் அசைந்தது.

எல்லாம் நல்லதாகவே சொல்ல எனக்கு வராது.
சுரங்கத் திருத்தம் ஓட்டுக்கு வந்த அன்று
எதிர்த்துப் பேச நான் தட்டிக் கொடுத்த நாலு பக்கம்
அவர் பையிலேயே இருந்தது.
கொறடா உத்தரவு. கை தூக்கிவிட்டார்.
"உத்தரவுன்னா உத்தரவு" என்றார் போனில்.
கொதித்துப்போய் வைத்துவிட்டேன்.
மலையில் பாதிப்பேர்
அவரைப் பார்த்தால் இன்றைக்கும்
காப்பிச் செடிக்குள் இறங்கிப் போய்விடுவார்கள்.

தொகுதி நிதியில் கடைசி வருஷம் சாலை ஆரம்பித்தது.
இரண்டு கிலோமீட்டர் எண்ணூறு மீட்டர்.
அப்புறம் தேர்தல்.
அப்புறம் அவர் வெறும் கரியராமன்.

தோற்ற பதினாறாம் நாள் கூட்டிப்போனார்.
இருபது கொண்டை ஊசியிலும் ஒரு வார்த்தை இல்லை.
தார் முடிந்த இடத்தில் ஒரு கல்வெர்ட்டு, பாதி கட்டினது,
கம்பி நீட்டிக்கொண்டு.
அதற்கப்புறம் சில்வர் ஓக், மிளகுக்கொடி, மண்தடம்.
அடி எண்ணி நடந்துபோய்
மூச்சு வாங்கத் திரும்பி வந்தார்.

"பஸ் இதுவரைக்கும் வரலாமே" என்றேன்.
"வரும். எங்க திரும்பும்?"
ஷூ குதிகாலை ஈரமண்ணில் ஊன்றி
பின்னாலேயே நடந்து
பெரிய வட்டம் ஒன்று கீறினார்.
ஒரு பஸ் திரும்பும் அளவு.
நடுவில் இருந்த முண்டுக்கல்லை
இருவரும் சேர்ந்துதான் உருட்டினோம்.

பனி இறங்கிவிட்டது.
என்னிடம் நோட்டு இல்லை.
வட்டத்தின் அளவை அவர் சொல்லச் சொல்ல
உள்ளங்கையில் எழுதிக்கொண்டேன்.
பழக்கத்தில்
பக்கத்தில் ஒரு நட்சத்திரம் போட்டுவிட்டேன்.